பழைய பேய்ப்படங்களுக்குப் பவுடர் பூசாதீர்கள்

பழைய திகில் படங்களின் உரிமையைக் கையில் வைத்திருப்பவர்களுக்கும், அவற்றை ஸ்கேன் செய்து புதுப்பிக்கும் லேப்காரர்களுக்கும், வாங்கி ஓடவிடும் ஓ.டி.டி. நிறுவனங்களுக்கும்,

வணக்கம்.

அக்டோபர் பிறந்தால் தீபாவளித் தள்ளுபடி வருவதுபோல உங்களிடமிருந்தும் ஓர் அறிவிப்பு வந்துவிடுகிறது. நாற்பது, ஐம்பது வருடத்துக்கு முன்னால் கைக்காசைப் போட்டு எடுத்த பேய்ப்படம் ஒன்று ‘4கே தரத்தில், இதுவரை காணாத துல்லியத்தில்’ வரப்போகிறது என்பீர்கள். ஆசையாகப் போட்டுப் பார்த்தால் நடிகையின் முகம் மெழுகுபோல வழவழக்கிறது. நள்ளிரவுக் காட்சி விடிந்து கிடக்கிறது. கதவு லேசாக முனகினால் முதுகுப் பக்க ஸ்பீக்கரில் இடி இறங்குகிறது. படம் படுசுத்தம். பயம்தான் எங்கேயோ கழன்று விழுந்துவிட்டது.

புதுப்பிக்கவே கூடாது என்று சொல்ல இந்தக் கடிதத்தை எழுதவில்லை. அசிடேட் என்ற பிளாஸ்டிக்கில் செய்த பழைய ஃபிலிம் பெட்டிக்குள்ளேயே அழுகிக்கொண்டிருக்கிறது. இன்று ஸ்கேன் செய்யாவிட்டால் நாளைக்குப் படமே இருக்காது. நாங்கள் கேட்பது ஒன்றுதான். பிரிண்ட்டில் தெரியும் ஒவ்வொரு தழும்பையும் யார் போட்டது என்று விசாரித்துவிட்டுக் கை வையுங்கள். கீறல், தூசி, கிழிசல், நிறம் வெளிறுதல், ஃபிலிம் சுருங்கியதால் வரும் ஆட்டம் இவையெல்லாம் காலம் போட்ட தழும்புகள். நகலுக்கு நகல் எடுத்ததில் ஏறிப்போன கான்ட்ராஸ்ட் லேப் போட்ட தழும்பு. இரண்டையும் தாராளமாகத் துடையுங்கள். மூன்றாவது வகை ஒன்று உண்டு: பணமில்லாமல் படமெடுத்தவர் வேறு வழியின்றி எடுத்த முடிவு. அதில் கை வைக்காதீர்கள். இந்தப் படங்கள் இத்தனை காலம் நிற்பதே அந்த முடிவுகளின் மேல்தான்.

செத்தவர்கள் எழுந்து வந்து மனிதரைத் தின்னும் கதை, 1968-இல் வந்த ‘நைட் ஆஃப் தி லிவிங் டெட்’டை எடுத்துக்கொள்வோம். பிட்ஸ்பர்க்கில் விளம்பரப் படங்கள் எடுத்துக்கொண்டிருந்த ஜார்ஜ் ரொமீரோவும் கூட்டாளிகளும், பத்துப் பேராகச் சேர்ந்து தலைக்கு 600 டாலர் போட்டு ஆரம்பித்த வேலை. முடிக்கும்போது செலவு சுமார் 1,14,000 டாலர். இடிக்கப்போகிற பண்ணை வீடு ஒன்று கிடைத்தது; சன்னலில் பலகை அறையலாம், கதவைப் பிளக்கலாம், கேட்க ஆளில்லை. கலருக்குக் காசு போதாது, அதனால் கறுப்பு-வெள்ளை. ரத்தத்துக்கு போஸ்கோ சாக்லேட் சிரப். கறுப்பு-வெள்ளை ஃபிலிமில் சிவப்புத் தண்ணீர் வெளிறிச் சாம்பலாகிவிடும். சாக்லேட் சிரப்போ கன்னங்கரேலென்று, கெட்டியாக, அவசரமில்லாமல் வழியும். குடலும் ஈரலும், படத்தில் பணம் போட்டு நடித்தும் கொடுத்த இறைச்சிக் கடைக்காரர் தந்தவை. மொத்தத்தில் படம் செய்திச்சுருள் மாதிரி ஆகிவிட்டது. வீட்டுக்கு வீடு கறுப்பு-வெள்ளைப் பெட்டியில் போர்ச் செய்தி பார்த்துக்கொண்டிருந்த ஜனங்களுக்கு அது கதை மாதிரியே தெரியவில்லை.

இந்தப் படம் பரவிய விதம் தனிக்கூத்து. முதலில் வைத்த பெயர் வேறு. விநியோகஸ்தர் பெயரை மாற்றியபோது தலைப்பு அட்டையும் மாறியது. காப்புரிமைக் குறிப்பு பழைய அட்டையில் இருந்தது. புது அட்டையில் போட மறந்துவிட்டார்கள். அன்றைய அமெரிக்கச் சட்டப்படி அந்த ஒரு வரி இல்லாமல் வெளியானால் உரிமை போயிற்று. எடுத்தவர்கள் தலையில் துண்டு, படத்துக்கோ கொண்டாட்டம். யார் வேண்டுமானாலும் பிரதி போட்டு விற்கலாம், டி.வி.யில் ஓட்டலாம், நள்ளிரவுக் காட்சி போடலாம் என்றானது. ஆனால் நகலின் நகலுக்கு நகல் எடுத்ததில் ஒவ்வொரு தலைமுறைக்கும் நிழல் அடைத்துக்கொண்டு, வெள்ளை வெடித்து, முகத்தில் மூக்கும் வாயும் மட்டுமே மிஞ்சின. இது லேப் போட்ட தழும்பு; எடுத்தவர்கள் கேட்டு வாங்கியதல்ல. இதைத்தான் சரிசெய்ய வேண்டும்.

எப்படிச் சரிசெய்தார்கள் தெரியுமா? 1986-இல் ஒரு நிறுவனம் கலர் பூசியது. செத்தவர்களுக்கெல்லாம் பச்சை முகம். 1999-இல் புதுக் காட்சிகளை எடுத்து நடுநடுவே ஒட்டி, பழையதில் சுமார் 15 நிமிடத்தை வெட்டி, இசையையும் மாற்றி ஒரு ‘ஆண்டு விழாப் பதிப்பு’ வந்தது. வேடிக்கை என்னவென்றால் அமெரிக்க நாடாளுமன்ற நூலகம் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் இந்தப் படத்தைச் சேர்த்ததும் அதே 1999-இல்தான். ஒரு பக்கம் பொக்கிஷம் என்று பூட்டி வைக்கிறார்கள், இன்னொரு பக்கம் ஒட்டுப் போடுகிறார்கள். கடைசியில் நியூயார்க் நவீனக் கலை அருங்காட்சியகமும் ஃபிலிம் ஃபவுண்டேஷனும் சேர்ந்து, ரொமீரோவைக் கூட வைத்துக்கொண்டு, மூல நெகட்டிவிலிருந்து 4கே ஸ்கேன் எடுத்து 2016-இல் திரையிட்டார்கள். நிழலுக்குள் இருந்த வீடு திரும்பி வந்தது. கிரெய்ன், அதாவது ஃபிலிமின் நுண்துகள்கள், அப்படியே இருந்தன. சாக்லேட் சிரப்பும் சாக்லேட் சிரப்பாகவே இருந்தது. இந்த மடலில் ‘நல்ல வேலை’ என்று நாங்கள் சொல்லும் இடமெல்லாம் இதை மனதில் வைத்துச் சொல்வதுதான்.

கிரெய்ன் என்றவுடன் உங்கள் ஆட்களுக்குக் கை அரிக்கிறது என்று தெரியும். ஆகவே கணக்கோடு பேசுவோம். 16 எம்.எம். கேமராவில் ஒரு சட்டகத்தின் அளவு 10.26-க்கு 7.49 மில்லிமீட்டர். 35 எம்.எம். அகாடமி சட்டகம் சுமார் 22-க்கு 16. பரப்பில் ஏறக்குறைய நாலரை மடங்கு வித்தியாசம். ஒரே திரையில் போட்டால் 16 எம்.எம்.மின் ஒவ்வொரு துகளும் அந்த அளவுக்கு ஊதித்தான் தெரியும். இந்தத் துகள்களுக்குப் பின்னால் ‘நல்ல படம்’ ஒன்று ஒளிந்துகொண்டிருக்கவில்லை. துகள்கள் சேர்ந்ததுதான் படம். கோலத்தில் புள்ளி தெரிகிறது என்று புள்ளியை எல்லாம் துடைத்தால் என்ன மிஞ்சும்?

‘டெக்சஸ் செயின் சா மாசக்கர்’ (1974) 16 எம்.எம். ரிவர்சல் ஃபிலிமில் எடுத்தது. ரிவர்சலில் நெகட்டிவ் கிடையாது. கேமராவில் ஓடிய சுருளே கழுவியபின் பாசிட்டிவாகிவிடும். உலகத்தில் அந்த ஒன்றுதான் மூலம். ஃபிலிமின் வேகம் 25 ஏ.எஸ்.ஏ., அதாவது வெளிச்சத்தை வாரிக் கொட்டினால்தான் பதியும். சாதாரணமாக 16 எம்.எம்.மில் ஒட்டு போட்டால் ஒட்டின் கோடு சட்டகத்துக்குள் தெரியும். அதனால் ஷாட்களை ஏ, பி என்று இரண்டு ரோலில் மாற்றி மாற்றி அடுக்கி, இடையில் படமில்லாத கறுப்பு ஃபிலிம் (லீடர்) வைத்து, பிரிண்ட் போடும்போது ஒன்றன்மேல் ஒன்றாக ஓட்டுவார்கள். 2014-இல் இந்தப் படத்தைப் புதுப்பித்தவர்கள் அந்த ஏ, பி ரோல்களையே தேடிப்பிடித்து 4கே-யில் ஸ்கேன் எடுத்தார்கள். அதுதான் சரியான வழி. மூல ரோலிலிருந்து எடுத்தால், 35 எம்.எம்.முக்கு ஊதி நகலெடுத்துத் தியேட்டரில் ஓட்டியபோது தெரிந்ததைவிடக் கிரெய்ன் தானாகவே சன்னமாகிவிடும். அதற்கு மேலும் போட்டுத் தேய்க்க என்ன அவசியம்?

தேய்த்தால் என்ன போகும் என்பதற்கு ஒரே ஒரு காட்சி. கதாநாயகியை நாற்காலியில் கட்டிப்போட்டுச் சாப்பாட்டு மேசையில் உட்கார வைத்திருப்பார்கள். கேமரா அவள் கண்ணுக்கு உள்ளேயே போய்விடும்: பச்சை விழி, அதைச் சுற்றிச் சிவந்த நரம்பு, இமையோரம் ஈரம். டெக்சஸில் கோடைக்காலம், வெயில் 38 டிகிரியைத் தாண்டியது. அந்தக் காட்சியை ஒரே மூச்சில் இருபத்தாறு மணி நேரத்துக்கு மேல் எடுத்தார்கள். பகலை இரவாக்கச் சன்னலை எல்லாம் கனத்த துணியால் மூடிவிட்டார்கள். உள்ளே சூடான விளக்குகள். மேசையில் கெட்டுப்போன இறைச்சி. சுற்றிலும் நிஜ மிருக எலும்புகள். கொலைகாரன் லெதர்ஃபேஸாக நடித்த குன்னர் ஹான்சனுக்கு உடுப்பு ஒரே ஒரு செட்தான். துவைத்தால் சாயம் மாறிவிடுமோ என்று படப்பிடிப்பு முழுக்கத் துவைக்கவேயில்லை. அவர் பக்கத்தில் நிற்பவர்கள் முகத்தைச் சுளிப்பது நடிப்பா, நாற்றமா என்று பிரித்துச் சொல்ல முடியாது. கிரெய்னைத் தேய்க்கும் மென்பொருளின் டீகிரெய்ன் பட்டையை 3-லிருந்து 6-க்கு ஏற்றிப் பாருங்கள். முதலில் போவது தோலின் துளைகள். அடுத்து வியர்வைத் துளி. அப்புறம் கண்ணின் நரம்பு. கடைசியில் குளிரூட்டிய அறையில் உட்கார்ந்திருக்கும் பொம்மை. இந்தப் படத்தில் ரத்தம் ரொம்பக் குறைவு. பயம் அவ்வளவும் வெக்கையில் இருக்கிறது, வெக்கை அவ்வளவும் கிரெய்னில் இருக்கிறது.

அடுத்தது தூசி. கீறலை மென்பொருளிடம் கொடுக்கும் முன் ஃபிலிமைக் கழுவி, திரவத்தில் நனைத்தபடி ஓட்டும் வெட் கேட்டில் ஸ்கேன் செய்யுங்கள். ஃபிலிமின் பேஸ் பக்கம், அதாவது படம் பதியாத பிளாஸ்டிக் பக்கம், விழுந்த கீறலை, ஏறக்குறைய அதே ஒளிவிலகல் உள்ள திரவம் நிரப்பிவிடும். கீறல் ஸ்கேனருக்குத் தெரியாது. படம் பதிந்த எமல்ஷன் பக்கக் கீறலுக்கு இது உதவாது, ஏனென்றால் அங்கே படமே உரிந்து போயிருக்கும். பாதி வேலை இப்படி முடிந்தபின் மிச்சத்துக்கு மென்பொருள்.

அந்த மென்பொருளின் புத்தி எப்படி வேலை செய்கிறது என்று உங்கள் ஆப்பரேட்டருக்குத் தெரியும், உங்களுக்குத் தெரியுமா என்பதுதான் சந்தேகம். முந்தைய சட்டகத்தில் இல்லாமல், அடுத்த சட்டகத்திலும் இல்லாமல், நடுவில் ஒன்றில் மட்டும் தெரியும் எதுவும் அதற்குத் தூசி. வினாடிக்கு 24 சட்டகம் ஓடும்போது ஒரே ஒரு சட்டகத்தில் மட்டும் இருப்பது எதுவெல்லாம்? மழைத்துளி. தீப்பொறி. விளக்கைச் சுற்றும் பூச்சி. கத்தி இறங்கும்போது தெறிக்கும் ரத்தச் சொட்டு. திகில் படத்துக்குச் சோறு போடுகிற அத்தனையும் அதன் கண்ணுக்குக் குப்பை. எந்தப் படத்தையும்விட இந்தப் படங்களில்தான் தானியங்கித் துப்புரவு அதிகச் சேதம் செய்கிறது.

இதற்கு ஒரு சுலபச் சோதனை இருக்கிறது. துடைப்பதற்கு முந்தைய கோப்பை மேலடுக்கிலும் துடைத்ததைக் கீழடுக்கிலும் வைத்து, இரண்டின் வித்தியாசத்தை மட்டும் காட்டும் டிஃபரன்ஸ் மோடில் போடுங்கள். ஒன்றாக இருக்கும் இடமெல்லாம் கறுப்பாகிவிடும். நீக்கியது மட்டும் மின்னும். கறுப்பில் அங்கொன்றும் இங்கொன்றுமாகப் புள்ளிகளும் கோடுகளும் தெரிந்தால் தூசிதான் போயிருக்கிறது, நிம்மதி. நடிகரின் உருவ ஓரம், முடி, புகையின் வடிவம் தெரிந்தால் படத்தையே சுரண்டியிருக்கிறீர்கள். ஓட்டிப் பார்க்க வேண்டியது முழுப் படத்தையும் அல்ல. மழை, தீ, சண்டை, கேமராவோடு ஓட்டம் இருக்கும் ரீல்களைப் பார்த்தாலே குட்டு உடைந்துவிடும். அந்த ஷாட்களைத் தானியங்கியிலிருந்து விலக்கி, சட்டகம் சட்டகமாகக் கையால் துடைக்கச் சொல்லுங்கள். நேரம் ஆகும்தான்.

ஓ.டி.டி.காரர்களுக்குத் தனியாக ஒரு வார்த்தை. கிரெய்ன் உங்களுக்குப் பிடிக்காததன் காரணம் அழகியல் அல்ல, அலைவரிசை. உங்கள் 4கே ஓட்டம் வினாடிக்கு 15-இலிருந்து 25 மெகாபிட். டிஸ்க்கில் அது 100-ஐத் தாண்டலாம். ஒவ்வொரு சட்டகத்திலும் புதிதாக உதிக்கும் கிரெய்னைச் சுருக்க முடியாமல் என்கோடர் திணறி, சுவரெல்லாம் சதுரம் சதுரமாகப் பெயர்கிறது. அதற்காக லேப்பிடம் மூலத்தையே துடைத்துத் தரச் சொல்லாதீர்கள். ஏ.வி.1 என்ற வீடியோச் சுருக்க முறையில் கிரெய்னைத் தனியே அளந்து வைத்து, பார்ப்பவரின் கருவியில் மறுபடி தூவும் வசதி இருக்கிறது. அது அசல் இல்லை, ஆனாலும் மெழுகு முகத்துக்கு எவ்வளவோ மேல். காப்பகத்தில் இருக்கும் மாஸ்டர் மட்டும் துடைக்காததாக இருக்கட்டும்.

நிறத்துக்கு வருவோம். எழுபது, எண்பதுகளின் சினிமா ரத்தம் ஏன் இப்படி ஆரஞ்சாக இருக்கிறது என்று, நிறம் சரிசெய்யும் கலரிஸ்ட்டுகள் அதை ‘நிஜ’ ரத்தத்துக்கு இழுத்துவிடுகிறார்கள். அந்த நிறம் தற்செயல் அல்ல. ஒப்பனைக் கலைஞர் டிக் ஸ்மித்தின் சூத்திரம் தொழில் முழுக்கப் பரவியிருந்தது: ஒரு குவார்ட், அதாவது சுமார் 950 மில்லி, வெள்ளைச் சோளப் பாகு, கெடாமல் இருக்க ஒரு டீஸ்பூன் மெத்தில் பாரபென், இரண்டு அவுன்ஸ் சிவப்பு உணவுச் சாயம், ஐந்து டீஸ்பூன் மஞ்சள் சாயம், துணியில் ஊறிப் பரவ இரண்டு அவுன்ஸ் போட்டோ-ஃப்ளோ என்ற ஃபிலிம் கழுவும் திரவம். கடைசிச் சரக்கு விஷம், வாயில் விடும் ரத்தத்தில் அது கூடாது. ஐந்து ஸ்பூன் மஞ்சளை ஒருவர் அளந்து ஊற்றியிருக்கிறார். நீங்கள் ஒரு சக்கரத்தைத் திருப்பி அதை வடித்து எடுத்துவிடுகிறீர்கள். ‘தி ஈவில் டெட்’ (1981) குழுவினர் வேறு வழி: சோளப் பாகு, சிவப்புச் சாயம், அதோடு காபிக்குப் போடும் கிரீமர் பொடி. பாகு மட்டும் என்றால் கண்ணாடிபோல ஒளி ஊடுருவும், கிரீமர் சேர்ந்தால்தான் கனம் தெரியும். சுமார் 3,75,000 டாலரில், டென்னசி காட்டுக்குள் ஒரு குடிலில், குளிரில் எடுத்த படம். பேய் பிடித்தவர்களின் வெள்ளைக் கண்ணுக்குத் தடித்த கண்ணாடி லென்ஸ். மாட்டவே பத்து நிமிடம் ஆகும், கால் மணி நேரத்துக்கு மேல் கண் தாங்காது. மாட்டினால் எதிரே எதுவும் தெரியாது. அதனால்தான் அவர்கள் தலையைச் சாய்த்து, குருடர் தடவுவதுபோல வருகிறார்கள். அந்த நடை பேய்க்கு எப்படிப் பொருந்திவிட்டது பாருங்கள்! லென்ஸின் ஓரம் தெரிகிறது என்று டிஜிட்டலில் அழித்துக் கொடுக்கும் புத்திசாலிகளும் இருக்கிறார்கள், அவர்களுக்கு வேறு வேலை கொடுங்கள்.

கிரேடிங்கில், அதாவது நிறமும் வெளிச்சமும் சரிசெய்யும் வேலையில், நேர்ந்த விபத்துக்குப் பாடம் ‘ஹாலோவீன்’ (1978). மூன்றே கால் லட்சம் டாலருக்குள், இருபது நாளில், கலிஃபோர்னியா வசந்தத்தில் எடுத்துவிட்டு, இல்லினாய் இலையுதிர்காலம் என்று சாதித்த படம். காய்ந்த இலைகளுக்குக் காகிதத்தில் சாயம் பூசி, ஷாட் முடிந்ததும் பொறுக்கி மூட்டை கட்டி, அடுத்த தெருவில் மறுபடி கொட்டினார்கள். கொலைகாரனின் முகமூடி, இரண்டு டாலருக்கும் குறைவாகக் கடையில் வாங்கிய ‘ஸ்டார் டிரெக்’ கேப்டன் கிர்க் பொம்மை முகம். கண் துளையைப் பெரிதாக்கி வெள்ளைப் பெயின்ட் அடித்தது. இந்தக் காகித இலைகளை நிஜமாக்கியவை ஒளிப்பதிவாளர் டீன் கண்டி தந்த பகலின் இளமஞ்சளும் இரவின் நீலமும். 2007-இல் வந்த ப்ளூ-ரேயில் இரண்டும் காணாமல் போயின. இலையுதிர்காலம் மறுபடி கலிஃபோர்னியாவாகிவிட்டது. 2013-இல் கண்டியையே கூப்பிட்டு உட்கார வைத்துப் புது மாஸ்டர் எடுத்தபிறகுதான் சரியானது. ஒளிப்பதிவாளர் உயிரோடு இருந்தால் அழையுங்கள். இல்லாவிட்டால் எந்த ஷாட்டுக்கு எவ்வளவு வெளிச்சம், என்ன நிறம் என்று அந்தக் காலத்து லேப் எழுதிவைத்த டைமிங் குறிப்பைத் தேடுங்கள். அதுவும் இல்லையென்றால் நிறம் வெளிறாத ஒரு பிரிண்ட்டைப் பக்கத்தில் ஓட்டிக்கொண்டு கிரேடிங் செய்யுங்கள். எழுபதுகளின் ஈஸ்ட்மென் பிரிண்ட்களில் பெரும்பாலானவை சயான் சாயம் போய் ரோஸ் நிறமாகக் கிடக்கும், ஒப்பிட உதவாது. ஏமாந்துவிடாதீர்கள்.

பகலில் எடுத்து இரவாகக் காட்டும் ஷாட் வேறு இருக்கிறது. வெளிச்சத்தை ஒன்றரை, இரண்டு ஸ்டாப் குறைத்து எடுத்து, பிரிண்ட் போடும்போது இன்னும் இருட்டாக்கி நீலம் ஏற்றுவார்கள். நெகட்டிவில் அது பகலாகத்தான் இருக்கும். குறிப்பைப் பார்க்காமல் ‘சரியான’ எக்ஸ்போஷருக்குத் தூக்கினால் பேய் நண்பகலில் வாக்கிங் போகும். 1922-இன் ‘நோஸ்ஃபெராட்டு’வுக்கு இந்தக் கதிதான் பல காலம்: இரவுக்கு ஏற்றிய நீலச் சாயம் இல்லாத கறுப்பு-வெள்ளைப் பிரதிகளில், சூரிய ஒளி பட்டால் சாகவேண்டிய ரத்தக்காட்டேரி பட்டப்பகலில் சவப்பெட்டியைத் தூக்கிக்கொண்டு தெருவில் போகும்.

வெளிச்சத்தையும் இருட்டையும் விரித்துக் காட்டும் ஹெச்.டி.ஆர். இன்னும் மோசம். தியேட்டர் திரையின் வெள்ளை சுமார் 48 நிட்ஸ் (பிரகாசத்தின் அளவு). வீட்டு டி.வி. 1,000 நிட்ஸ் வரை போகும். இருட்டு அறையில் ஒருத்தி டார்ச் அடிக்கிறாள் என்று வைத்துக்கொள்ளுங்கள். டார்ச்சை 1,000-க்கு விட்டால் பார்ப்பவரின் கண்மணி சுருங்கும். மூலையில் நிற்கும் உருவம் கண்ணில் படாமலே போகும். அந்த உருவத்தைக் காட்ட நிழலைத் தூக்குவீர்கள். தூக்கினால் அதற்குப் பின்னால் தொங்கும் கறுப்புத் துணியும் தெரியும். இருட்டுத்தான் இந்தப் படங்களின் செட். ஒளியின் உச்சத்தை 200 நிட்ஸ் பக்கம் கட்டிப்போடுங்கள், நிழலைத் தூக்காதீர்கள். எங்கள் கணக்கில் இதற்கு மேல் தேவைப்படும் பழைய திகில் படம் எதுவும் கிடையாது.

சட்டக விகிதம் பற்றிச் சுருக்கமாக. ‘ஹாலோவீன்’ 2.35 அகலத்தில் எடுத்தது. பழைய டி.வி.யின் 1.33-க்கு வெட்டியபோது படத்தில் 43 சதவீதம் போயிற்று; போனது பெரும்பாலும் கொலைகாரன் நிற்கும் ஓரம். ‘ஈவில் டெட்’டோ நேர்மாறு: 1.37-இல் எடுத்ததை 1.85-க்கு வெட்டினால் மேலும் கீழுமாகக் கால் பங்கு போகும். 2010 ப்ளூ-ரேயில் இரண்டு வடிவத்தையும் தந்தார்கள். அப்படித் தருவதுதான் மரியாதை.

ஒலியில் நடக்கும் அநியாயத்தை யாரும் கவனிப்பதில்லை, ஏனென்றால் அது கண்ணுக்குத் தெரிவதில்லை. இந்தப் படங்களில் பெரும்பாலானவற்றுக்கு ஒரே ஒரு மோனோ ஆப்டிகல் டிராக், அதாவது ஃபிலிமின் ஓரத்தில் ஒளிக்கோடாகப் பதிந்த ஒற்றைத்தட ஒலி. அந்தக் காலத்து தியேட்டர்களில் உச்ச சுருதியைத் திட்டமிட்டே மழுக்கி ஓட்டுவார்கள். ‘அகாடமி கர்வ்’ என்று அதற்குப் பெயர். அந்த மழுக்கலை மனதில் வைத்துத்தான் மிக்ஸிங்கில் உச்சத்தை ஏற்றி வைத்திருப்பார்கள். டிராக்கை அப்படியே எடுத்து இன்றைய ஸ்பீக்கரில் விட்டால் ‘ஸ்’ எல்லாம் ஊசியாகக் குத்தும், இரைச்சல் சீறும். உடனே நாய்ஸ் ரிடக்‌ஷனை முழுதாகத் திறந்துவிடுவீர்கள். இரைச்சலோடு அறையின் மூச்சும் போய்விடும். குரல்கள் தண்ணீருக்கடியிலிருந்து வருவதுபோலக் கேட்கும். முதலில் அகாடமி வளைவைப் போடுங்கள். பாதிச் சீறல் அதிலேயே அடங்கும். அப்புறம் வெடிப்பையும் ‘டப் டப்’ சத்தத்தையும் மட்டும் ஒவ்வொன்றாக எடுங்கள்.

‘கார்னிவல் ஆஃப் சோல்ஸ்’ (1962) என்று ஒரு படம். தொழிற்சாலைகளுக்கும் பள்ளிகளுக்கும் விளக்கப்படம் எடுத்துக்கொண்டிருந்த ஹெர்க் ஹார்வி, சுமார் 33,000 டாலரில், யூட்டா உப்பேரிக் கரையில் பாழடைந்து கிடந்த சால்டேர் மண்டபத்தைப் பார்த்துவிட்டு எடுத்தது. நடுவில் திடீரென்று கதாநாயகிக்குச் சுற்றியிருப்பவர்களின் ஓசை முழுக்க அறுந்துபோகும். கடைக்காரியிடம் பேசுகிறாள், பதில் இல்லை. அவள் இருப்பதே யாருக்கும் தெரியவில்லை. கொஞ்ச நேரம் கழித்துப் பூங்காவில் ஒரு பறவைச் சத்தத்தோடு உலகம் திரும்பும். இதற்கு ஆன செலவு பூஜ்யம். ஒலிக்கோட்டைக் கீழே இறக்கினார்கள், அவ்வளவுதான். ஆனால் அந்த மௌனம் மௌனமாகக் கேட்க வேண்டுமென்றால், அதற்கு முந்தைய காட்சிகளில் தெருவின் இரைச்சலும் டிராக்கின் சன்னமான சீறலும் இருந்தாக வேண்டும். படம் முழுக்கச் சுத்தம் செய்துவிட்டால் அறுந்துபோக அங்கே ஒன்றும் மிச்சமிருக்காது. சுற்றிலும் ஸ்பீக்கர் வைக்கும் 5.1 மிக்ஸ் போட்டே தீர்வீர்கள் என்றால் போடுங்கள். புதுக் காலடிச் சத்தம், புது இடி எதையும் சேர்க்காதீர்கள், அசல் மோனோவையும் மெனுவில் முதலாவதாக வையுங்கள்.

செயற்கை நுண்ணறிவால் துல்லியத்தை ஊதிப் பெருக்கும் அப்ஸ்கேலிங் பற்றி எழுத ஆரம்பித்தால் கோபம் வரும், ஒரே ஒரு உதாரணத்தோடு நிறுத்துகிறோம். ‘தி பிளேர் விட்ச் ப்ராஜெக்ட்’ (1999) மேரிலாந்துக் காட்டில் எட்டு நாளில் எடுத்தது. நடிகர்களிடமே கேமராவைக் கொடுத்து, ஜி.பி.எஸ்.ஸில் அடுத்த இடத்தைக் காட்டி, அங்கே பெட்டியில் ஆளுக்கொரு சீட்டு வைத்து, நாளுக்கு நாள் சாப்பாட்டைக் குறைத்து வாங்கிய எரிச்சலும் களைப்பும்தான் நடிப்பு. ஒரு கேமரா 16 எம்.எம்., இன்னொன்று ஹை-8 வீடியோ. ஹை-8-இன் கிடைமட்டத் துல்லியம் சுமார் 400 கோடு. அதற்குள் 4கே இல்லை. எத்தனை தோண்டினாலும் வராது. இல்லாததை மென்பொருள் தானே வரையும். முகங்களைக் கூராக்கப் பழக்கிய மென்பொருள், மங்கலான இலைக்கூட்டத்தில் மூக்கையும் கண்ணையும் வரைந்துவிட வாய்ப்புண்டு. கடைசிவரை சூனியக்காரியைக் காட்டாமலே மிரட்டிய படத்துக்கு நீங்கள் இலவசமாக ஒரு பேயைச் சேர்த்துக் கொடுத்த கதையாகும்.

நம் நாட்டுக்கும் இது பொருந்தும். இந்தித் திகில் படங்களுக்குப் பேர்போன ராம்சே சகோதரர்கள் ‘தோ கஸ் ஸமீன் கே நீச்சே’ (1972) தொடங்கி ‘புரானா மந்திர்’ (1984) வரை குடும்பமே குழுவாக நின்று எடுத்தார்கள்: துளசியும் ஷியாமும் இயக்கம், கங்கு கேமரா, கிரண் ஒலி, குமார் கதை. பழைய பங்களா, புகை, விளக்குக்கு முன்னால் பச்சை, சிவப்பு, நீல ஜெலட்டின் தாள். வெள்ளைச் சமநிலை என்று சொல்லி அந்தப் பச்சையைத் துடைத்தால் மிஞ்சுவது விருந்தினர் மாளிகை ஒன்றின் தாழ்வாரம் மட்டுமே.

இந்தியாவில் முதல் எதிரி கலரிஸ்ட் அல்ல, வெக்கை. புதிதாகக் கழுவிய அசிடேட் ஃபிலிமே 21 டிகிரி வெப்பத்திலும் 50 சதவீத ஈரப்பதத்திலும் சுமார் நாற்பது வருடத்தில் அமிலம் கக்க ஆரம்பித்துவிடும். குளிர்சாதனம் இல்லாத கடற்கரை ஊர்க் கிடங்கில் அதில் கால்வாசிக் காலம் தாங்கினாலே அதிசயம். டப்பாவைத் திறந்ததும் காடி நெடி அடித்தால் நோய் பிடித்தாயிற்று. மூக்கை நம்பாமல் ஏ-டி ஸ்டிரிப் என்ற நீலக் காகிதத்தை டப்பாவுக்குள் ஒரு நாள் வைத்து மூடுங்கள். நீலமாகவே இருந்தால் நலம். பச்சைக்குத் திரும்பினால் அவசரம். மஞ்சளானால் அன்றைக்கே ஸ்கேனருக்கு அனுப்புங்கள். அந்தக் காகிதத்தின் அளவுகோலில் 1.5-ஐத் தாண்டியபின் அமிலமே அமிலத்தைப் பெருக்கி, அழுகல் வேகம் பிடிக்கும். கெட்ட சுருளை நல்ல சுருளோடு ஒரே அலமாரியில் வைக்காதீர்கள், தொற்றும். காந்த ஒலிநாடா ஒட்டிய சுருள்களை முதலில் பாருங்கள், அதிலுள்ள இரும்புத் துரு அழுகலை இன்னும் விரட்டும். பெரிய நடிகர் இல்லாத படம் என்று இவற்றைக் கிடங்கின் கடைசி வரிசையில் தள்ளியிருப்பீர்கள். அங்கேதான் ஒழுகும்.

ஒப்பந்தம் போடும்போது இவற்றை எழுத்தில் கேளுங்கள். கிரெய்னைத் தொடாத ஒரு கச்சா ஸ்கேன், சட்டகத்தின் ஓரம் தெரியும்படி, காப்பகத்துக்குத் தனியாக. தூசி நீக்கியதன் டிஃபரன்ஸ் கோப்பு, ரீல் ரீலாக. அகாடமி வளைவுக்கு முன்னும் பின்னுமாக மோனோ டிராக். எந்த ஷாட்டில் எதை மாற்றினோம் என்று ஒரு பட்டியல். இயக்குநரே விரும்பி மாற்றினால்கூட, மாற்றாத பதிப்பும் பக்கத்திலேயே கிடைக்க வேண்டும். உறையில் ‘மூல நெகட்டிவிலிருந்து’ என்றோ, ‘திரையரங்கப் பிரிண்ட்டிலிருந்து’ என்றோ உள்ளதைச் சொல்லுங்கள். நெகட்டிவ் தொலைந்துபோய் ஒற்றைப் பிரிண்ட்தான் கிடைத்தது என்றால் யாரும் உங்களைக் குறைசொல்லப் போவதில்லை. மறைத்துவிட்டு ‘4கே’ என்று பெரிதாக அச்சடிப்பதுதான் எரிச்சல்.

வெளியிடும் முன் இரண்டு நிமிடத் துண்டு ஒன்றை அனுப்புங்கள். இருட்டும் ஓட்டமும் உள்ள ரீலாக இருக்கட்டும். அதன் டிஃபரன்ஸ் கோப்பையும் கூடவே அனுப்பினால், விளக்கை அணைத்துவிட்டுப் பார்த்து, சட்டக எண்ணோடு குறிப்பு எழுதித் தருகிறோம். கட்டணம் வேண்டாம்.

இப்படிக்கு,
கீறலோடு பார்த்துப் பழகிய சில தொகுப்பாளர்கள், ஒலிப்பதிவாளர்கள், ஆபரேட்டர்கள்